காதுக்கு எழுதியவர்: அலிஸ்டர் குக்கின் ஒலிபரப்பு வாழ்க்கை



ஒலிபரப்புக் கலை பற்றிப் பேச வேண்டும் என்று அழைத்தீர்கள். பொதுவாகப் பேசுவதைவிட, அந்தக் கலையில் வாழ்நாள் முழுவதையும் செலவிட்ட ஒருவரை எடுத்துக்கொண்டு, அவர் என்ன செய்தார், எப்படிச் செய்தார் என்று பார்ப்பது பயனுள்ளது என்று நினைத்தேன். அவர் அலிஸ்டர் குக். இங்கிலாந்தில் பிறந்து அமெரிக்கக் குடிமகன் ஆனவர். பிபிசி வானொலியில் 58 ஆண்டுகள் வாராவாரம் அமெரிக்காவைப் பற்றிப் பேசியவர். அமெரிக்காவின் பொதுத் தொலைக்காட்சியில் 20 ஆண்டுகளுக்கு மேல் ஒரே நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்கியவர். 13 பகுதிகள் கொண்ட ஒரு வரலாற்று ஆவணத் தொடரை எழுதி, தோன்றி, விவரித்தவர்.

வானொலிக்காரர் ஒருவரைப் பாராட்ட வந்தால் நாம் முதலில் குரலைத்தான் பாராட்டுவோம். கணீரென்ற குரல், வெண்கலக் குரல் என்போம். குக்கின் குரலும் நல்ல குரல்தான். ஆனால் அந்தக் குரலை 58 ஆண்டுகள் கேட்க வைத்தது எழுத்து. ஒலிபரப்பாளரின் பெருமைக்கு வேர் அவருடைய எழுத்துப்படியில் இருக்கிறது என்பதே இன்று நான் சொல்ல வந்தது. அந்த எழுத்து விளைவதற்கு ஒரு பொது நிறுவனத்தின் நீண்ட பொறுமையும் வேண்டியிருந்தது. அதையும் சேர்த்துச் சொல்கிறேன்.

மேடையிலிருந்து மைக்குக்கு

குக் 1908 நவம்பர் 20 அன்று லங்காஷயரின் சால்ஃபோர்ட் நகரில் பிறந்தார். தந்தை இரும்பு வேலை செய்தவர். மெதடிஸ்ட் சபையில் பிரசங்கமும் செய்தவர். பின்னர் குடும்பம் பிளாக்பூல் என்னும் கடற்கரை ஊருக்குக் குடிபெயர்ந்தது. முதல் உலகப் போர்க் காலத்தில் அமெரிக்கச் சிப்பாய்கள் சிலர் அவர்கள் வீட்டில் தங்கினார்கள். அமெரிக்காவோடு அவருக்கு ஏற்பட்ட முதல் அறிமுகம் அதுதான்.

உதவித்தொகை பெற்று கேம்பிரிட்ஜில் ஜீசஸ் கல்லூரியில் சேர்ந்தார். அங்கே மம்மர்ஸ் என்ற நாடகக் குழுவை நிறுவியவர்களுள் ஒருவராக இருந்தார். பெண்களும் நடிக்கலாம் என்று கதவைத் திறந்த குழு அது. 1932இல் காமன்வெல்த் நிதியத்தின் உதவித்தொகையில் அமெரிக்கா போனார். முதலில் யேல், பிறகு ஹார்வர்ட். 1933 கோடையில் காரில் நாட்டைச் சுற்றினார். நாடகம் படிக்கப் போனவருக்கு நாட்டின் மீதே ஆர்வம் திரும்பியது. ஹாலிவுட்டில் சார்லி சாப்ளினோடு நட்பும் ஏற்பட்டது.

தந்தையிடம் பிரசங்க மேடை. மகனிடம் நாடக மேடை. இரண்டுமே நிறைந்த சபையை நோக்கிக் குரலை உயர்த்தும் இடங்கள். இந்தப் பின்னணியில் வந்தவர் வானொலியில் அதற்கு நேர்மாறான ஒன்றைக் கற்றுக்கொண்டார். மைக்குக்கு முன்னால் சபை இல்லை. ஆயிரக்கணக்கானோர் கேட்கிறார்கள் என்றாலும், ஒவ்வொருவரும் தத்தம் வீட்டில், சமையற்கட்டிலோ சாய்வு நாற்காலியிலோ, தனியாகக் கேட்கிறார்கள். ஓர் அறையில் இருக்கும் ஓரிருவரிடம் பேசுவதாக நினைத்துக்கொண்டு பேச வேண்டும் என்பது அவர் கடைசிவரை கைவிடாத கொள்கை. மேடைப் பேச்சால் வளர்ந்த நம் நாட்டில், மைக்கைக் கண்டாலே கூட்டம் நினைவுக்கு வரும் நம்மவர்கள், இதை ஊன்றிக் கவனிக்க வேண்டும்.

1934இல் அவர் அமெரிக்காவில் இருந்தபோது பத்திரிகையில் ஒரு தலைப்பைப் பார்த்தார். பிரிட்டனின் முன்னாள் பிரதமர் ஸ்டான்லி பால்ட்வினின் மகனை பிபிசி திரைப்பட விமர்சகர் பணியிலிருந்து நீக்கிவிட்டது என்பது செய்தி. உடனே அந்த இடத்துக்கு விண்ணப்பித்தார், வேலை கிடைத்தது. கேட்பவர் இன்னும் பார்க்காத படத்தைச் சொற்களால் காட்டுவது அந்த வேலை. ஒரு காட்சியில் எதைச் சொன்னால் முழுக் காட்சியும் கேட்பவர் மனத்தில் எழும் என்று தேர்ந்தெடுக்கும் பயிற்சி அங்கே கிடைத்தது. பின்னாளில் தொலைக்காட்சிக்குப் போனபோது அந்தப் பயிற்சி எப்படிப் பயன்பட்டது என்பதற்குப் பிறகு வருகிறேன்.

அடுத்து எதிர்த் திசையில் ஒரு வேலை. அமெரிக்காவின் என்பிசி வானொலிக்காக லண்டனிலிருந்து வாரந்தோறும் பேசினார். 1936 டிசம்பரில் எட்டாம் எட்வர்ட் மன்னர் முடிதுறந்த நெருக்கடியின்போது, அமெரிக்கர்களுக்கு அதை நாளுக்குப் பல முறை விளக்க வேண்டியிருந்தது. ஒரு நாட்டின் உள்விவகாரத்தை, அதன் சூழலே தெரியாத இன்னொரு நாட்டாருக்கு, தலையைச் சுற்ற வைக்காமல் சொல்வது எப்படி என்று அந்த நாட்களில் கற்றார். 1937இல் அமெரிக்காவில் குடியேறினார். 1941 டிசம்பரில், பேர்ள் ஹார்பர் தாக்குதலுக்குச் சில நாட்கள் முன்பு, அமெரிக்கக் குடிமகன் ஆனார்.

13 வாரம் என்று தொடங்கியது

1946 மார்ச் 24. போர் முடிந்து ஓராண்டு ஆகவில்லை. பிரிட்டனில் பங்கீடும் பற்றாக்குறையும். டாலருக்குத் தட்டுப்பாடு. அந்த நிலையிலும் அமெரிக்க வாழ்க்கையைப் பற்றி வாரம் ஒரு பேச்சு என்று பிபிசி 13 வாரங்களுக்கு ஏற்பாடு செய்தது. ‘அமெரிக்கன் லெட்டர்’ என்று பெயர். 1950இல் ‘லெட்டர் ஃப்ரம் அமெரிக்கா’ என்று மாறியது. சுமார் 15 நிமிடம். இசை கிடையாது, விருந்தினர் கிடையாது, நேர்காணல் கிடையாது. ஒரு மனிதர், ஒரு மைக், தட்டச்சு செய்த சில தாள்கள்.

அந்த 13 வாரம் 2004 பிப்ரவரி 20 வரை நீண்டது. மொத்தம் 2,869 பேச்சுகள். அத்தனையையும் இடைவிடாமல் ஒலிக்கவிட்டால் ஏறத்தாழ 30 நாட்கள் இரவும் பகலும் ஓடும். ட்ரூமன் முதல் ஜார்ஜ் டபிள்யூ. புஷ் வரை 11 குடியரசுத் தலைவர்கள் வந்து போனார்கள். ஒரே மனிதர் பேசிய பேச்சு நிகழ்ச்சி ஒன்று இவ்வளவு காலம் நீடித்தது வானொலி வரலாற்றில் இது ஒன்றே. உடல்நலம் கருதி 2004 மார்ச் தொடக்கத்தில் ஓய்வை அறிவித்தார். அதே மார்ச் 30 அன்று, 95ஆம் வயதில், நியூயார்க்கில் காலமானார்.

பிபிசி உலக சேவை வழியாக இந்தப் பேச்சு நம் பகுதிக்கும் சிற்றலையில் வந்தது. லண்டனிலிருந்து தமிழோசை கேட்ட அதே வானொலிப் பெட்டியில், முள்ளைக் கொஞ்சம் நகர்த்தினால் குக்கைக் கேட்கலாம். குக் தம் கடிதத்தைத் தொடங்கிய அதே பத்தாண்டில்தான் யாழ்ப்பாணத்துச் சோ. சிவபாதசுந்தரம் பிபிசியின் தமிழ்ப் பிரிவுக்குச் சென்று, அதற்குத் தமிழோசை என்று பெயர் வைத்தார். ‘ஒலிபரப்புக் கலை’ என்று இந்தத் துறைக்கே தமிழில் ஒரு நூலும் தந்தார். ஒலிபரப்பு என்பது கற்றுக்கொள்ள வேண்டிய கலை என்று உணர்ந்த தலைமுறை அது.

குக் எதைப் பற்றிப் பேசினார்? தேர்தல், வியட்நாம் போர், வாட்டர்கேட் எல்லாம் உண்டு. நியூ இங்கிலாந்தில் இலையுதிர் காலத்தில் மரங்கள் நிறம் மாறுவதும் உண்டு. நன்றியறிதல் நாள் விருந்து, ஜாஸ் இசைக் கலைஞரின் மறைவு, கோல்ஃப் ஆட்டம், எல்லாம் உண்டு. இன்ன தலைப்பு என்று முன்கூட்டியே முடிவு செய்துகொள்ளாமல் தட்டச்சுப் பொறியின் முன் உட்காருவார். ஒன்றைத் தொட்டு இன்னொன்று, அதைத் தொட்டு மற்றொன்று என்று போகும். ஒரு பாட்டி தம் ஊர்க்கதை சொல்லத் தொடங்கினால் எங்கெங்கோ சுற்றிவிட்டு முடிச்சை மட்டும் தவறாமல் அவிழ்ப்பாளே, அப்படி அவர் பேச்சும் சுற்றி வந்து சேர வேண்டிய இடத்தில் சேரும்.

காதுக்கு எழுதுவது

அவர் பேசியதைக் கேட்டவர்கள், மனத்தில் தோன்றியதை அப்படியே பேசுகிறார் என்று நினைத்தார்கள். ஆனால் ஒவ்வொரு சொல்லும் தட்டச்சில் இருந்தது. பேசுவதற்காக எழுதுவது என்பதையே ஒரு தனிக் கலையாக அவர் மதித்தார். மனிதர்கள் பேசும்போது வாக்கியத்தை முறிப்பார்கள், இடையில் வேறொன்றைச் சொல்வார்கள், விட்ட இடத்துக்குத் திரும்புவார்கள். அந்த இயல்பைத் தாளிலேயே கொண்டுவர வேண்டும் என்பது அவர் வழி.

தமிழில் எழுதும் நமக்கு இது இன்னும் கடினம். நம் மொழியில் வினைமுற்று கடைசியில் வருகிறது. அதுவரை சொன்ன அனைத்தையும் கேட்பவர் சுமந்துகொண்டிருக்க வேண்டும். மாணவர்களுக்காக ஓர் எடுத்துக்காட்டு சொல்கிறேன். செய்தித்தாளில் இப்படி ஒரு வாக்கியம் வரலாம்:

“நேற்று மாலை பெய்த கனமழையால் உடைந்த ஏரிக்கரையை உடனடியாகச் சீரமைக்கக் கோரிச் சாலை மறியலில் ஈடுபட்ட விவசாயிகளுடன் பேச்சு நடத்தி மறியலை முடிவுக்குக் கொண்டுவந்த வட்டாட்சியரை மாவட்ட ஆட்சியர் பாராட்டினார்.”

கண்ணால் படித்தால் புரிந்துவிடும். சந்தேகம் வந்தால் திரும்பவும் படிக்கலாம். காதுக்கு அந்த வசதி இல்லை. மழை, ஏரி, மறியல், வட்டாட்சியர் எல்லாரும் வரிசையில் நிற்கிறார்கள். என்னதான் நடந்தது என்பது ‘பாராட்டினார்’ என்று முடியும்போதுதான் தெரிகிறது. அதையே காதுக்கு எழுதினால்:

“நேற்று மாலை நல்ல மழை. ஏரிக்கரை உடைந்துவிட்டது. கரையைச் சரிசெய்து கொடுங்கள் என்று விவசாயிகள் சாலையில் உட்கார்ந்துவிட்டார்கள். வட்டாட்சியர் வந்தார், பேசினார், மறியல் முடிந்தது. மாவட்ட ஆட்சியர் அவரைப் பாராட்டியிருக்கிறார்.”

செய்தி ஒன்றுதான். இரண்டாவதில் கேட்பவர் நம்மோடு நடந்து வருகிறார். நடந்தது நடந்த வரிசையிலேயே வருகிறது. குக்கின் பேச்சு எளிமையாகத் தோன்றியதற்குக் காரணம், இந்த உழைப்பை அவர் முன்பே தாளில் செய்து முடித்திருந்ததுதான். மைக்குக்கு முன்னால் குரல் செய்ய வேண்டிய வேலை பாதியாகக் குறைந்திருந்தது.

1968 ஜூன்

அந்தக் கலையின் சோதனை நாள் ஒன்று வந்தது. 1968 ஜூன் 5, நள்ளிரவு கடந்த நேரம். லாஸ் ஏஞ்சலஸ் நகரின் அம்பாசடர் ஹோட்டல். கலிஃபோர்னியா முதற்கட்டத் தேர்தலில் வென்ற ராபர்ட் கென்னடி, நன்றியுரை முடித்து, சமையற்கூடத்தை ஒட்டிய பரிமாறும் அறை வழியாக வந்தபோது சுடப்பட்டார். குக் அங்கே இருந்தார். அவர் அப்போது ‘கார்டியன்’ நாளிதழின் அமெரிக்கத் தலைமைச் செய்தியாளரும்கூட. கண்ணெதிரே நடந்ததைச் செய்தியாக எழுதி அனுப்பினார். அடுத்து அந்த வாரத்துக் கடிதத்தையும் பேச வேண்டும்.

அந்தப் பேச்சை எப்படி அமைத்தார் என்று பாருங்கள். கொலையில் தொடங்கவில்லை. இத்தனை ஆண்டுச் செய்தியாளர் வாழ்க்கையில், பெரிய நிகழ்ச்சி நடக்கும் இடத்தில் அந்த நேரத்தில் இருப்பது எவ்வளவு அபூர்வம் என்று தொடங்குகிறார். தாம் அங்கே போனதே தற்செயல் என்கிறார். பிறகு நெரிசல், அறை, அதன் சாதாரணத் தோற்றம். கேட்பவர் அந்த இடத்துக்கு வந்து நின்ற பிறகுதான் துப்பாக்கிச் சத்தம் வருகிறது. அது வந்தபோதும் அவர் குரலை உயர்த்தவில்லை.

அந்த நாட்களில் நாடு முழுவதும் ஒரு பேச்சு எழுந்தது. இந்தக் கொலைக்கு அமெரிக்கச் சமுதாயம் முழுவதும் குற்றவாளி என்று பலரும் சொன்னார்கள். குக் அதை ஏற்கவில்லை. எல்லார் மீதும் குற்றம் சுமத்துவது எளிது, ஆனால் அது உண்மையைத் தெளிவாக்காது என்ற நிலையில் உறுதியாக நின்றார். அந்த முடிவை நாம் ஏற்கலாம், மறுக்கலாம். ஆனால் பார்த்ததைப் பார்த்ததாகவும், கருத்தைக் கருத்தாகவும் பிரித்து வைத்த நேர்மையை மறுக்க முடியாது. ஆட்கள் செத்து விழும் வேளையில் ஒலிபரப்பாளரின் கடமை என்ன என்று கேட்கும் மாணவருக்கு நான் இந்தப் பேச்சைத்தான் காட்டுவேன்.

படத்தோடு பேசுவது

இனித் தொலைக்காட்சி. 1952 முதல் 1961 வரை, ஃபோர்டு அறக்கட்டளையின் உதவியோடு தொடங்கிய ‘ஆம்னிபஸ்’ என்ற கலை நிகழ்ச்சியை அமெரிக்கத் தொலைக்காட்சியில் தொகுத்து வழங்கினார். அதற்குப் பிறகு வந்ததே அவருடைய பெரிய ஆவணத் தொடர்: 1972இல் ஒளிபரப்பான ‘அமெரிக்கா’. 13 பகுதிகள். பிபிசியின் கலை வரலாற்றுத் தொடரான ‘சிவிலைசேஷன்’ தொடரைத் தயாரித்த மைக்கேல் கில் இதையும் தயாரித்தார்.

ஒரு நாட்டின் வரலாறு என்றால் கொலம்பஸிலிருந்தோ பூர்வகுடிகளிலிருந்தோ தொடங்குவார்கள். குக் முதல் பகுதியைத் தாம் முதன்முதலில் அமெரிக்காவைப் பார்த்த அனுபவத்திலிருந்து தொடங்கினார். நான் பார்த்த அமெரிக்கா இது, இதற்கு நான் பொறுப்பு என்று பார்வையாளரிடம் முதலிலேயே சொல்லிவிட்ட முறை அது. எங்கோ மேலிருந்து, முகமில்லாத குரலில், எல்லாம் அறிந்தவர்போல் பேசும் வருணனைக்கு அது மாற்றாக அமைந்தது. அடிமை முறையும் உள்நாட்டுப் போரும் ஒரு பகுதி. குடியேறிகளின் வருகை ஒரு பகுதி. பெரும் பொருளாதார வீழ்ச்சிக்கு ஒரு பகுதி. வரலாறு நடந்த இடங்களில் தாமே நின்று பேசினார்.

வானொலியில் அவர் சொற்களால் படம் வரைந்தார். தொலைக்காட்சியில் படம் ஏற்கெனவே இருக்கிறது. அங்கே சொல்லின் வேலை வேறு. மலையைக் காட்டிக்கொண்டே ‘இதோ மலை’ என்று சொன்னால் பார்ப்பவரின் கண்ணை அவமதித்ததாகும். அந்த மலையைத் தாண்டி வந்தவர் யார், வண்டியில் என்ன வைத்திருந்தார், எதை வழியில் போட்டுவிட்டுப் போனார் என்று சொல்ல வேண்டும். படம் காட்ட முடியாததைச் சொல் சொல்ல வேண்டும். படம் காட்டுவதைச் சொல் தொடக் கூடாது. இதுதான் ஆவணப்பட வருணனையின் முதல் பாடம். திரைப்பட விமர்சகராக, எதைச் சொல்வது என்று தேர்ந்தெடுக்கக் கற்ற குக்கிற்கு, எதை விட வேண்டும் என்று தேர்ந்தெடுப்பதும் கைவந்தது. அந்தத் தொடரையொட்டி அவர் எழுதிய நூலும் பெரும் விற்பனை கண்டது. 1973இல் பிரிட்டன் அவருக்குக் கௌரவ நைட் பட்டம் அளித்தது. 1974இல் அமெரிக்கப் பிரதிநிதிகள் சபை அவரை அழைத்துப் பேச வைத்தது.

இதற்கிடையே 1971இல் பாஸ்டன் நகரின் டபிள்யூஜிபிஹெச் பொதுத் தொலைக்காட்சி நிலையம் ‘மாஸ்டர்பீஸ் தியேட்டர்’ நிகழ்ச்சியைத் தொடங்கியது. பிரிட்டிஷ் நாடகத் தொடர்களை அமெரிக்கர்களுக்குக் காட்டும் நிகழ்ச்சி. நாற்காலியில் அமர்ந்து, சில நிமிடங்களில், அந்த வாரக் கதையின் பின்னணியை அவர் சொல்வார். இந்தியாவின் கடைசி ஆங்கிலேய ஆண்டுகளைக் காட்டிய ‘தி ஜுவல் இன் தி கிரவுன்’ தொடரும் அந்த மேடையில்தான் அமெரிக்கர்களுக்கு வந்தது. அமெரிக்க வீடுகளில் அவர் முகம் எவ்வளவு பழகிப்போனது என்றால், ‘செசமி ஸ்ட்ரீட்’ குழந்தைகள் நிகழ்ச்சியில் குக்கி மான்ஸ்டர் பொம்மை ‘அலிஸ்டர் குக்கி’ என்ற பெயரில் அவரைப் போலவே நாற்காலியில் அமர்ந்து பேசியது. 1992 வரை அந்தப் பணியைச் செய்தார்.

எல்லைகள்

அவருக்கு எல்லைகளும் இருந்தன. அவர் நியூயார்க்கில் ஐந்தாம் அவென்யூவில், சென்ட்ரல் பார்க்கை நோக்கிய வீட்டில் வாழ்ந்தவர். அவருடைய கடிதங்களில் வசதியான, நடுவயது தாண்டிய, வெள்ளை அமெரிக்காவின் குரல் அதிகம் கேட்கும். கறுப்பின மக்களின் குடிமை உரிமைப் போராட்டம் அவர் பேச்சில் வந்தாலும், அது வெளியிலிருந்து பார்த்த பார்வை. ஒரே மனிதர் ஒரு நாட்டை 58 ஆண்டுகள் விளக்கும்போது, அவர் நிற்கும் இடத்திலிருந்து தெரியாதது கேட்பவருக்கும் தெரியாமல் போகிறது. இதற்குத் தீர்வு அவரைத் தள்ளிவைப்பது அன்று. அவரைப் போலவே பொறுமையாகவும் பொறுப்பாகவும் எழுதிப் பேச, வேறு வேறு தெருக்களிலிருந்து இன்னும் பலருக்கு அதே நேரமும் அதே மைக்கும் கிடைத்திருக்க வேண்டும்.

நிறுவனத்தின் பொறுமையும் கேட்பவரின் அன்பும்

ஒரு மனிதருக்கு வாரம் 15 நிமிடத்தை 58 ஆண்டுகள் ஒதுக்கி வைப்பதற்கு, விளம்பரக் கணக்கை மட்டும் பார்க்காத ஒரு நிறுவனம் வேண்டும். பிபிசியின் உள்நாட்டு ஒலிபரப்பு மக்கள் செலுத்தும் உரிமக் கட்டணத்தால் நடக்கிறது. இந்த வாரம் எத்தனை பேர் கேட்டார்கள் என்று ஒவ்வொரு வாரமும் கணக்கு வைத்து முடிவு செய்திருந்தால், இலைகள் நிறம் மாறுவது பற்றிய பேச்சுக்கு இடம் கிடைத்திருக்காது. அந்தப் பேச்சுகளால்தான் கேட்பவர் அவரை நம்பினார். அந்த நம்பிக்கையால்தான் 1968இல் அவர் சொன்னதைக் காது கொடுத்துக் கேட்டார்.

ஆனால் அதே நிறுவனம் ஒரு விஷயத்தில் தவறியது. தொடக்க காலப் பதிவுகளில் மிகப் பலவற்றை அது பாதுகாத்து வைக்கவில்லை. அந்தக் குறையைத் தீர்த்தவர்கள் கேட்பவர்கள். வீட்டில் வானொலிக்குப் பக்கத்தில் பதிவுக் கருவியை வைத்து, வாராவாரம் பதிந்து வைத்திருந்தார்கள். அந்த வீட்டு நாடாக்கள் நூற்றுக்கணக்கான கடிதங்களைத் திருப்பித் தந்தன. 2012இல் பிபிசி 900க்கும் மேற்பட்ட கடிதங்களை யாரும் கேட்கும்படி இணையத்தில் வைத்தது. அவருடைய எழுத்துப்படிகள் பாஸ்டன் பல்கலைக்கழகக் காப்பகத்தில் இருக்கின்றன. எழுத்தும் ஒலியும் பக்கம் பக்கமாகக் கிடைப்பதால்தான் அவர் எப்படி எழுதினார், எழுதியதை எப்படிப் பேசினார் என்று இன்று ஒரு மாணவர் ஒப்பிட்டுப் படிக்க முடிகிறது.

இந்த அவையின் முன் இரண்டு வேண்டுகோள்களை வைக்கிறேன்.

முதலாவது, இதழியல் துறைக்கு. குரல் பயிற்சி வகுப்புக்கு முன்னால் காதுக்கு எழுதும் வகுப்பு ஒன்றை வையுங்கள். வாரம் ஒரு பக்கம் எழுதி, சத்தமாகப் படித்து, நாக்கு தடுக்கும் இடத்தைத் திருத்தட்டும். கேட்டவர் ஒருவர் தம் சொற்களில் திருப்பிச் சொல்லட்டும். எங்கே விட்டாரோ அங்கே எழுத்தில் குறை என்று கொள்ளுங்கள்.

இரண்டாவது, இந்த அறக்கட்டளைக்கும் இங்கே கூடியிருக்கும் எல்லாருக்கும். தமிழ் வானொலியில் உரைச்சித்திரமும் நாடகமும் இலக்கியப் பேச்சும் தந்தவர்களின் எழுத்துப்படிகள் பல வீடுகளில் பரணில் கிடக்கின்றன. சென்னையும் திருச்சியும் இலங்கை வானொலியும் கேட்டுப் பதிந்த கேசட்டுகள் இன்னும் பலரிடம் இருக்கின்றன. அவற்றைத் தேடி வாங்கி, எண்ணிம வடிவில் மாற்றி, யார் பேசியது, எந்த நாள் என்று குறித்து, இந்தப் பல்கலைக்கழக நூலகத்தில் வைக்கும் பணியை அடுத்த ஆண்டு அறக்கட்டளைச் சொற்பொழிவுக்கு முன்பே தொடங்க வேண்டும். காந்தம் உதிர்ந்துகொண்டிருக்கும் நாடாவுக்குத் தவணை சொல்ல முடியாது. உங்கள் வீட்டில் ஒரு கேசட் இருந்தால், இந்தக் கூட்டம் முடிந்ததும் துறைத்தலைவரிடம் உங்கள் பெயரைக் கொடுத்துவிட்டுப் போங்கள்.